ஷீலாவும் செசிலியும் ஒரே பெயர்தான்

என் அப்பாவைப் பெற்ற பாட்டியின் பெயர் செசிலி. பாட்டியின் கடைசி மகள், அதாவது என் அத்தையின் பெயர் ஷீலா. அத்தைக்கு ஞானஸ்நானம் கொடுக்கத் தூக்கிக்கொண்டு போனபோது, "ஷீலா என்று ஒரு புனிதர் இல்லையேம்மா" என்று பங்குச் சாமியார் தயங்கினாராம். கடைசியில் முன்னால் ஒரு மரியாவைச் சேர்த்து, மரிய ஷீலா என்று பதிவேட்டில் எழுதினார்கள். பாட்டி இருந்தவரை வீட்டுக்கு யார் வந்தாலும் இந்தக் கதையைச் சொல்லாமல் விட்டதில்லை.

போன மாதம் அத்தைக்குப் பேத்தி பிறந்திருக்கிறாள். மாமியார் பெயரையே பிள்ளைக்கு வைக்கலாமா என்று அத்தையின் மருமகள் யோசித்து, ஃபோனில் பொருள் தேடிப் பார்த்திருக்கிறாள். ஒரு இடத்தில் ஷீலா என்றால் 'நல்லொழுக்கம் உள்ளவள்' என்று இருந்தது. இன்னொரு இடத்தில் 'குருடு' என்று இருந்தது. மூன்றாவது இடத்தில் 'வானுலகைச் சேர்ந்தவள்'. பயந்துபோய் என்னைக் கூப்பிட்டு, "அண்ணா, இதுல எது உண்மை?" என்று கேட்டாள்.

மூன்றும் எங்கிருந்தோ வந்தவைதான், யாரும் சும்மா எழுதிவைக்கவில்லை. ஆனால் அவளுக்கு ஒரு வரியில் பதில் சொல்ல முடியவில்லை. ரோமாபுரியில் தொடங்கி நார்மண்டி, அயர்லாந்து, ஆஸ்திரேலியா என்று சுற்றிவந்த பெயர் இது. நடுவில் நம் நாட்டில் வேறொரு பெயரோடு மோதிக் கலந்தும் போயிருக்கிறது. பொறுமையாகவே சொல்கிறேன்.

அயர்லாந்திலிருந்து ஆரம்பிக்கலாம். ஐரிஷ் மொழியில் இந்தப் பெயருக்கு நான்கே எழுத்து: எஸ், தலையில் சாய்கோடு போட்ட ஐ, எல், ஈ. அந்தச் சாய்கோடு நெடில் குறி, நம்முடைய இகரத்துக்கும் ஈகாரத்துக்கும் உள்ள வேறுபாடு மாதிரி. ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர் அந்த நான்கெழுத்தைப் பார்த்தால் 'சைல்' என்று படிப்பார். ஐரிஷ்காரர் 'ஷீல' என்று படிப்பார். ஐரிஷில் எஸ் என்ற எழுத்துக்குப் பக்கத்தில் இ அல்லது எ வந்தால் அது 'ஷ' என்று ஒலிக்கும், தனியாக எச் சேர்க்கத் தேவையில்லை. ஆங்கிலேயர்கள் காதில் கேட்டதைத் தங்கள் எழுத்தில் எழுதியபோது எஸ்-எச்-ஈ-ஐ-எல்-ஏ என்றாயிற்று. இரண்டு ஈ போட்டு எழுதுபவர்களும் உண்டு, கடைசியில் ஒலிக்காத ஜி-எச் சேர்ப்பவர்களும் உண்டு. எல்லாம் ஒரே பெயர்தான்.

ஆனால் இது அயர்லாந்தின் பூர்வீகப் பெயர் கிடையாது. 1169-ல் லென்ஸ்டர் மன்னன் டயர்மட் தன் இழந்த ஆட்சியை மீட்க வேல்ஸ் பக்கத்திலிருந்து நார்மன் படைகளை, அதாவது பிரான்சின் நார்மண்டியிலிருந்து வந்து இங்கிலாந்தைப் பிடித்தவர்களின் வழிவந்தவர்களை, வரவழைத்தான். வெக்ஸ்ஃபோர்ட் கரையில் பானோ குடாவில் அவர்கள் வந்து இறங்கினார்கள். வந்தவர்கள் திரும்பிப் போகவில்லை. நிலம் பிடித்தார்கள், கோட்டை கட்டினார்கள், ஐரிஷ் பெண்களைக் கட்டிக்கொண்டார்கள். அவர்கள் பேசியது பிரெஞ்சு, பிள்ளைகளுக்கு வைத்ததும் பிரெஞ்சுப் பெயர்கள். ழான், ழான்னெட், செசீல் என்ற பெயர்கள் ஐரிஷ் வீடுகளுக்குள் நுழைந்தது அப்படித்தான்.

ஐரிஷ் காது அந்தப் பெயர்களைத் தன் போக்கில் வாங்கிக்கொண்டது. ஐரிஷில் 'ஜ', 'ழ' என்ற பிரெஞ்சு ஒலிக்கு இடமில்லை. அதனால் ழான் என்ற ஆண் பெயர் ஷான் ஆனது. அதன் பெண்பால் ஷிவான் ஆனது. ழான்னெட் ஷினேட் ஆனது. இன்று உலகமே 'அசல் ஐரிஷ் பெயர்கள்' என்று நினைக்கும் ஷானும் ஷிவானும் ஷினேடும் பிரெஞ்சு வழியாக வந்த யோவான்தான். அதே மாதிரி, செசீல் என்பதன் முதல் எழுத்து ஷகரமாகி, நடுவில் இருந்த மெய் தேய்ந்து, ஷீல ஆயிற்று.

தமிழ்க் கத்தோலிக்கர் வீட்டில் வளர்ந்த யாருக்கும் இது புதிதாகத் தெரியாது. போர்ச்சுக்கீசியர் ஜுசே என்று சொன்னதை நாம் சூசை என்றோம். ஷவியரைச் சவேரியார் ஆக்கினோம். சில இடங்களில் ஒலியை விட்டுவிட்டுப் பொருளையே பெயர்த்தோம். இலத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர், அதனால் புனித பவுல் நமக்குச் சின்னப்பர். சூசை என்ற பெயரைக் கேட்டு அதை எபிரெயப் பெயர் என்று யாரும் நினைப்பதில்லை. அது நம் ஊர்ப் பெயராகவே ஆகிவிட்டது. ஷீலாவும் அயர்லாந்தில் அப்படித்தான் ஊறிப்போனது.

சரி, செசீல் எங்கிருந்து வந்தது? ரோமிலிருந்து. அங்கே கைகீலியுஸ் என்று ஒரு பெரிய குலம் இருந்தது. அந்தக் குலத்தில் பிறந்த பெண் கைகீலியா. பழைய இலத்தீனில் சி என்ற எழுத்து எப்போதும் 'க'தான். பின்னால் வந்த நூற்றாண்டுகளில்தான் அது இ, எ ஒலிகளுக்கு முன் இளகி, இத்தாலியில் 'ச்ச' ஆகவும் பிரான்சில் 'ஸ' ஆகவும் மாறி, கைகீலியா செசிலியா ஆனது.

இங்கே கொஞ்சம் நின்று பார்க்க வேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது. ரோமானியப் பெண்களுக்குத் தனிப்பெயர் கிடையாது. ஆண்களுக்கு மார்க்குஸ், குவிந்துஸ் என்று சொந்தப் பெயர் இருக்கும். மகளுக்கோ அப்பாவின் குலப்பெயரைப் பெண்பாலாக்கிக் கொடுத்துவிடுவார்கள். யூலியுஸ் குலத்து மகள் யூலியா, கொர்னேலியுஸ் குலத்து மகள் கொர்னேலியா. ஒரே வீட்டில் மூன்று பெண்கள் பிறந்தால் மூவருக்கும் அதே பெயர்தான், பெரியவள், சின்னவள், மூன்றாமவள் என்று அடைமொழி வைத்துப் பிரித்துக் கூப்பிடுவார்கள். நம் வீடுகளில் பெரிய பாப்பா, சின்னப் பாப்பா என்கிற மாதிரி.

ரோமுக்கு வெளியே அப்பியா சாலையில் ஒரு கல்லறை இருக்கிறது. கிறிஸ்து பிறப்பதற்கு முந்தைய நூற்றாண்டில் கட்டியது. சதுர மேடை மேல் உருண்டையான கோபுரம், விட்டம் ஏறக்குறைய 30 மீட்டர். மேல்விளிம்பைச் சுற்றிக் காளைத் தலைகளும் மாலைகளும் செதுக்கிய பளிங்குப் பட்டை ஓடுகிறது. அந்தக் காளைத் தலைகளால் அந்தப் பகுதிக்கே இத்தாலியர்கள் 'மாட்டுத்தலை' என்று பெயர் வைத்துவிட்டார்கள். அதில் ஒரு கல்வெட்டு. "கிரேத்திக்குஸ் குவிந்துஸின் மகளும் கிராஸ்ஸுஸின் மனைவியுமான கைகீலியா மெத்தெல்லாவுக்கு" என்பதுதான் அதன் பொருள். முடிந்தது. இவ்வளவு பெரிய கல்லறை கட்டியிருக்கிறார்கள், ஆனால் அந்தப் பெண்ணைப் பற்றி அந்தக் கல் சொல்வது அப்பா யார், கணவன் யார் என்பது மட்டும்தான். அவளுக்கென்று இருந்த பெயர்கூடக் குலத்தின் பெயர். எனக்கு அந்தக் கல்வெட்டைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் மனது கனத்துப்போகும்.

இப்போது 'குருடு' விஷயத்துக்கு வரலாம். இலத்தீனில் கைகுஸ் என்றால் பார்வையற்றவர். கைகீலியுஸ் என்ற குலப்பெயர் அந்தச் சொல்லிலிருந்து கிளைத்தது என்றுதான் பொதுவாகச் சொல்கிறார்கள். ரோமானியர்களே அதற்கு ஒரு கதையும் வைத்திருந்தார்கள். பிரைனெஸ்தே என்ற ஊரை நிறுவிய கைகுலுஸ் நெருப்புக் கடவுளான வுல்கானின் மகனாம். குழந்தையாக இருந்தபோது அடுப்பு நெருப்புக்குப் பக்கத்தில் கிடைத்தவன், புகை பட்டுப் பட்டுக் கண் இடுங்கிப் போயிருந்தது, அதனால் 'சின்னக் குருடன்' என்று பெயர் வந்ததாம். விறகடுப்பில் ஊதிச் சமைத்த வீட்டில் வளர்ந்தவர்களுக்கு அந்தக் கண்கள் எப்படி இருந்திருக்கும் என்று உடனே தெரியும். கைகீலியுஸ் குலத்தார் தங்களை அந்தக் கைகுலுஸின் வம்சம் என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டார்கள்.

உடம்பில் கண்ட அடையாளத்தை வைத்துப் பெயரிடுவது ரோமில் சர்வ சாதாரணம். கிளாவுதுஸ் என்றால் நொண்டி. அந்தச் சொல்லோடு சேர்த்துச் சொல்லப்படும் பெயர்தான் கிளாடியா. கிகெரோ (நாம் சிசரோ என்போம்) என்ற பெயரில் கொண்டைக்கடலை இருக்கிறது. நாஸோ என்றால் மூக்கர். கிறிஸ்துவுக்கு முன் 312-ல் அந்த அப்பியா சாலையைப் போடத் தொடங்கியவரே அப்பியுஸ் கிளாவுதியுஸ் கைகுஸ்தான். முதுமையில் பார்வை போனதால் வந்த பெயர் அது. நம் ஊரிலும் நெட்டையன், மூக்கன், கருப்பாயி என்று பெயர் வைத்ததில்லையா? கிளாடியா என்று பிள்ளைக்குப் பெயர் வைக்கிற இத்தாலியத் தாய் யாரும் நொண்டியை நினைத்து வைப்பதில்லை. ஷீலா விஷயத்திலும் அதேதான். ஏதோ ஒரு மூதாதை ஆணுக்கு வந்த பட்டப்பெயரின் வேர் அது. அதை இன்றைய ஒரு பெண்குழந்தையின் பெயருக்குப் 'பொருள்' என்று போடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. வேர் வேறு, பொருள் வேறு.

இந்தச் சங்கடம் நமக்கு மட்டும் வந்ததும் இல்லை. கைகீலியா என்ற பெயரை உலகெங்கும் கொண்டுபோனது அந்தப் பணக்காரக் குலம் இல்லை, ஒரு மறைசாட்சிதான். புனித செசிலியா. ரோமில் உயர்குடியில் பிறந்த கிறித்தவப் பெண், வலேரியான் என்பவருக்கு அவளைக் கட்டிவைத்தார்கள், கணவனையும் கொழுந்தனையும் மனம் திருப்பினாள், அவர்கள் கொல்லப்பட்ட பின் அவளும் கொல்லப்பட்டாள் என்று போகிறது அவள் வரலாறு. கழுத்தில் மூன்று வெட்டு விழுந்தும் மூன்று நாள் உயிரோடு இருந்தாள் என்பார்கள். 5-ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட அந்த வரலாற்றில் ஒரு வரி: திருமணத்தன்று இசைக்கருவிகள் முழங்கிக்கொண்டிருக்க, செசிலியா தன் உள்ளத்துக்குள் ஆண்டவருக்கு மட்டும் பாடினாள். வழிபாட்டுக்காக அந்த வரியைச் சுருக்கியபோது 'உள்ளத்துக்குள்' என்ற சொல் விடுபட்டுப்போனது. பின்னால் படித்தவர்கள் அவளே ஆர்கன் வாசித்துப் பாடியதாக நினைத்தார்கள். ஓவியர்கள் அவள் கையில் ஆர்கனைக் கொடுத்தார்கள். இன்று அவள் இசைக்கலைஞர்களின் பாதுகாவலி, நவம்பர் 22 அவள் திருநாள். நம் பங்குகளில் பாடற்குழு இருக்கும் இடங்களில் அன்றைக்குச் சின்னதாகவாவது ஒரு கொண்டாட்டம் இருக்கும்.

ரோமில் திரஸ்தேவெரே என்ற பகுதியில் அவள் பெயரில் ஒரு கோயில் இருக்கிறது. பலிபீடத்துக்குக் கீழே ஸ்தேஃபனோ மதெர்னோ 1600-ல் செதுக்கிய பளிங்குச் சிலை. அதற்கு முந்தைய ஆண்டு கல்லறையைத் திறந்தபோது உடல் எப்படிக் கிடந்ததாகச் சொன்னார்களோ அப்படியே அவர் செதுக்கினார். ஒருக்களித்துப் படுத்த ஒரு சின்னப் பெண். தலையைத் துணி மூடியிருக்கிறது, முகம் தரைப்பக்கம் திரும்பியிருக்கிறது, நமக்குத் தெரிவது கழுத்தில் மெல்லிய வெட்டுக்கோடு மட்டும். முழங்கால் கொஞ்சம் மடங்கி, கைகள் முன்னால் நீண்டு, ஒரு கையில் மூன்று விரலும் மறு கையில் ஒரு விரலும் நீட்டியபடி இருக்கின்றன. மூவொரு கடவுளைச் சாகும் நேரத்திலும் விரலால் அறிக்கையிட்டாள் என்று விளக்கம் சொல்வார்கள். முகத்தைக் காட்டாமலே ஒரு ஆளை இவ்வளவு பக்கத்தில் கொண்டுவர முடியும் என்பதற்கு இதைவிட நல்ல சிலை எனக்குத் தெரியாது.

இப்படிப்பட்ட புனிதையின் பெயருக்குக் 'குருடு' என்று பொருள் சொல்ல யாருக்கு மனம் வரும்? 13-ஆம் நூற்றாண்டில் புனிதர் வரலாறுகளைத் தொகுத்த யாக்கோபுஸ் தெ வொராகினே என்ற துறவி அதற்கு வழி கண்டுபிடித்தார். கைலி லிலியா, அதாவது வானத்து லில்லி மலர் என்று பிரித்தார். குருடர்களுக்கு வழி என்று பிரித்தார். குருட்டுத்தன்மை இல்லாதவள் என்றும் பிரித்தார். கடைசியில் சொன்னது வேர்ச்சொல்லுக்கு நேர் எதிர்ப்பொருள். மொழியியல்படி இதில் ஒன்றும் நிற்காது. ஆனால் இந்த வானத்து லில்லி ஐரோப்பா முழுக்கப் பரவியது, ஆங்கிலத்தில் சாசர் என்ற பழைய கவிஞர்கூட அதை எடுத்துச் சொன்னார். செசிலியாவின் செல்லப்பெயராகப் புழங்கிய சீலியாவில் வானம் என்ற இலத்தீன் சொல் கேட்பதும் சேர்ந்துகொண்டது. அத்தையின் மருமகள் பார்த்த 'வானுலகைச் சேர்ந்தவள்' அந்த வழியில் வந்ததுதான்.

மறுபடி அயர்லாந்துக்கு வருகிறேன். நார்மன்கள் கொண்டுவந்த பெயர் அடுத்த சில நூற்றாண்டுகளில் குடிசை வரைக்கும் இறங்கிவிட்டது. அங்கே ஆங்கில ஆட்சி இறுகியபின் ஒரு பெண்ணுக்கு இரண்டு பெயர் இருப்பது வழக்கமானது. வீட்டில், வயலில், தண்ணீர் எடுக்கும் இடத்தில் அவள் ஷீல. கோயில் பதிவேட்டிலும் அரசாங்கக் காகிதத்திலும் செசிலியா அல்லது சீலியா, பல இடங்களில் ஜூலியா. எழுதுகிறவருக்குத் தெரிந்த இலத்தீன் அல்லது ஆங்கிலப் பெயர்களில் எது பக்கத்தில் வந்ததோ அதை எழுதிக்கொண்டார். இன்று தங்கள் கொள்ளுப்பாட்டியைத் தேடும் ஐரிஷ் வம்சாவளியினர் ஜூலியா என்ற பதிவைப் பார்த்துவிட்டு வீட்டில் சொன்ன ஷீலா யார் என்று குழம்புவது இதனால்தான். 'ஷீலா என்று புனிதர் இல்லையே' என்று நம் ஊர்ச் சாமியார் தயங்கியதைப் பாட்டி சொன்னபோது நான் சிரித்திருக்கிறேன். அயர்லாந்தின் பதிவேடுகளைப் பற்றிப் படித்தபிறகு சிரிப்பு வரவில்லை. அங்கே பல பெண்களுக்குச் சொந்தப் பெயரே காகிதத்தில் ஏறவில்லை.

பெயர் அதிகம் பரவினால் இன்னொன்றும் நடக்கும். அது ஆளின் பெயராக இல்லாமல் இனத்தின் பெயராகிவிடும். பேட்ரிக் என்ற பெயர் சுருங்கி, ஐரிஷ் ஆண் என்றாலே 'பேடி' என்று ஆனது. பெண்ணுக்கு ஷீலா. மார்ச் 17 புனித பேட்ரிக் திருநாள் என்பது எல்லாருக்கும் தெரியும். மறுநாள் மார்ச் 18-ஐ ஷீலா நாள் என்று கொண்டாடிய காலம் உண்டு. ஷீலா பேட்ரிக்கின் மனைவி என்பார்கள், அம்மா என்பார்கள், ஆளுக்கொரு கதை. அயர்லாந்தில் அது மங்கிப்போனாலும், வாட்டர்ஃபோர்ட் பக்கமிருந்து மீன்பிடிக்கப் போய்க் குடியேறியவர்களின் வழியாகக் கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் தங்கிவிட்டது. மார்ச் நடுவில் கடைசியாக ஒரு பெரிய பனிப்புயல் வரும், அதை அங்கே 'ஷீலாவின் துடைப்பம்' என்கிறார்கள். பேட்ரிக் திருநாள் முடிந்ததும் ஷீலா வந்து வீட்டைக் கூட்டிப் பெருக்கிவிட்டுப் போகிறாளாம். அது கடந்தபிறகுதான் குளிர்காலம் போனது என்று நம்புவார்கள்.

18-ஆம் நூற்றாண்டு ஐரிஷ் கவிஞர்கள் இதே பெயரை வேறு உயரத்தில் வைத்தார்கள். நாட்டை வெளிப்படையாகப் பாட முடியாத காலம் அது. கனவில் ஒரு அழகிய பெண் வந்து தன் துயரத்தைச் சொல்வதாகப் பாடுவார்கள், அந்தப் பெண்தான் அயர்லாந்து. அவளுக்கு அவர்கள் கொடுத்த பெயர்களில் ஒன்று ஷீல நீ கைர.

ஆஸ்திரேலியாவில் நடந்தது மனதுக்குக் கஷ்டமானது. கைதிகளாகவும் பிழைக்க வந்தவர்களாகவும் ஏராளமான ஐரிஷ் பெண்கள் அங்கே இறக்கப்பட்டார்கள். 1830-களிலேயே அந்த ஊர்ப் பேச்சில் ஷீலா என்றால் ஐரிஷ் பெண். பிறகு எந்தப் பெண்ணானாலும் ஷீலா. ஆண்கள் கூட்டமாக இருக்கும் இடத்தில் கொஞ்சம் இளக்காரமாகச் சொல்லும் சொல்லாக அது ஆகிவிட்டது. இப்போது அது பழைய வழக்கு, பலருக்குப் பிடிக்காத வழக்கு. ஒரு தாய் தொட்டிலில் போட்டுக் கூப்பிட்ட பெயரை எடுத்து ஒரு இனத்துப் பெண்கள் எல்லாருக்கும் முத்திரையாகக் குத்தினால் இப்படித்தான் ஆகும்.

இது நமக்கு நடக்காத விஷயம் கிடையாது. 1860-லிருந்து சென்னைத் துறைமுகம் வழியாகத் தென்னாப்பிரிக்காவின் நடாலுக்குக் கரும்புத் தோட்ட ஒப்பந்தக் கூலிகளாகப் போன தமிழர்களில் முத்துசாமி, ராமசாமி, குப்புசாமி என்று சாமியில் முடிகிற பெயர்கள் நிறைய. அங்கிருந்த வெள்ளைக்காரர்கள் இந்தியர் எல்லாரையும் 'சாமி' என்று கூப்பிட ஆரம்பித்தார்கள், மரியாதைக்கு இல்லை, கேவலப்படுத்த. 1893-ல் அங்கே போன காந்தி இதைத் தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். சாமி என்றால் தலைவன் என்று பொருள், நான் உங்கள் தலைவன் இல்லையே என்று சில இந்தியர்கள் திருப்பிச் சொன்னதையும் சொல்கிறார். ஐரிஷ் ஷீலாவும் தமிழ்ச் சாமியும் ஒரே பேரரசின் இரண்டு மூலைகளில் பட்ட அவமானம் ஒன்றுதான்.

ஷீலா என்று தேடினால் இன்னொன்றும் கண்ணில் படும், அதைச் சொல்லாமல் விட்டால் முழுமையாகாது. அயர்லாந்திலும் பிரிட்டனிலும் பழைய கோயில் சுவர்களிலும் கோட்டைகளிலும் 'ஷீலா-ந-கிக்' என்று ஒரு வகைக் கற்சிற்பம் இருக்கிறது. வழுக்கைத் தலை, பெரிய கண், கைகளால் தன் பிறப்புறுப்பை விரித்துக் காட்டும் ஒரு பெண் உருவம். அயர்லாந்தில் மட்டும் நூற்றுக்கு மேல் உண்டு. இங்கிலாந்தில் ஹெரிஃபோர்ட்ஷயரின் கில்பெக் கோயிலில் 12-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஒன்று நன்றாகத் தெரிகிற மாதிரி கூரை விளிம்புக்குக் கீழே இருக்கிறது. காமத்துக்கு எதிரான எச்சரிக்கை என்று சிலர், கண்ணேறு கழிக்க என்று சிலர், பிள்ளைப்பேற்றுக்கு என்று சிலர் சொல்கிறார்கள். 19-ஆம் நூற்றாண்டில் வெட்கப்பட்டு உடைத்தவை, புதைத்தவை பல. இப்போது மக்கள் தேடிப்போய்ப் பார்க்கிறார்கள். கோபுரத்தில் எல்லா வகைச் சிற்பமும் பார்த்து வளர்ந்த நமக்கு இது அவ்வளவு அதிர்ச்சி தராது. நம் கேள்விக்கு வேண்டியது இவ்வளவுதான்: சிற்பங்கள் பழையவை, ஆனால் அவற்றுக்கு இந்தப் பெயர் எழுத்தில் ஏறியது 1840-களில். அதற்குள் ஷீலா என்றால் 'யாரோ ஒரு பெண்' என்று ஆகிவிட்டிருந்தது, அதனால் அந்தப் பெயர் அங்கே ஒட்டிக்கொண்டது. பிள்ளைக்குப் பெயர் வைக்கிறவர் இதை நினைத்துக் கவலைப்பட ஒன்றுமில்லை.

பிறகு காற்று திசை மாறியது. 1893-ல் ஐரிஷ் மொழியை மீட்பதற்கான கேலிக் லீக் என்ற அமைப்பு தொடங்கி ஐரிஷ் மொழிக்கும் ஐரிஷ் பெயர்களுக்கும் மறுபடி மதிப்பு வந்தது. இங்கிலாந்திலும் ஷீலா ஒரு நாகரிகப் பெயராகிவிட்டது. 1934-ல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் பிறந்த பெண்களின் பெயர்களில் முதல் பத்துக்குள் அது இருந்தது. இப்போது அங்கே ஷீலா என்றால் பாட்டி பெயர்.

இனி நம் ஊர். இங்கே இருப்பது முதலில் வேறொரு சொல். சமஸ்கிருதத்தில் சீலம் என்றால் ஒழுக்கம், இயல்பு. பாலியிலும் அதே சொல்தான், பௌத்தர்களின் பஞ்சசீலத்தில் வருவது அது. மணிமேகலையிலேயே சீலம் உண்டு. நல்ல சீலம் உடையவள் சுசீலா. குணசீலன், ஜெயசீலன், தர்மசீலன் எல்லாம் அந்தக் குடும்பம். இதற்கும் ரோமாபுரிக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். பாடகி பி. சுசீலாவின் பெயரைச் சகரம் போட்டு எழுதுகிறோம். குணசீலனுக்கும் சகரம். சிவன், சங்கரன், சகுந்தலா, சாந்தி எல்லாமே வடமொழியில் அதே ஒலியில் தொடங்கும் சொற்கள்தான், தமிழுக்குள் வந்ததும் சகரமாகிவிட்டன. ஷீலாவை மட்டும் யாரும் சீலா என்று எழுதுவதில்லை. ஷாலினி, ஷோபா மாதிரி அதுவும் ஷகரத்தோடு நிற்கிறது. பழைய வழியில், தமிழ் காதால் வாங்கிய பெயர்கள் ஒரு பக்கம், பள்ளிக்கூடப் பதிவேடும் ஆங்கில எழுத்துக்கூட்டலும் பழகியபின் வந்த பெயர்கள் மறுபக்கம். ஷீலா இரண்டாவது கூட்டம் என்பது என் கணிப்பு. ஆங்கில எழுத்தில் ஐரிஷ் ஷீலாவும் வடநாட்டு ஷீலாவும் ஒன்றுதான். டெல்லியில் 1998 முதல் 2013 வரை முதலமைச்சராக இருந்த ஷீலா தீட்சித் பஞ்சாபின் கபூர்தலாவில் பிறந்தவர், ஆனால் தன் பெயரை ஆங்கிலத்தில் எழுதியது ஐரிஷ்காரர்கள் எழுதுகிற அதே கூட்டலில். மலையாளத் திரையின் ஷீலாவுக்குப் பெற்றோர் வைத்த பெயர் கிளாரா. இந்து வீட்டிலும் பொருந்தும், கிறித்தவ வீட்டிலும் பொருந்தும், இங்கிலீஷிலும் நன்றாக இருக்கும். தென்னாட்டில் இந்தப் பெயர் இவ்வளவு பிடித்துப்போனதற்கு அந்த வசதி ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

அதனால் மருமகளுக்கு நான் சொன்னது இது: உன் வீட்டார் எந்தச் ஷீலாவை நினைத்து வைக்கிறீர்களோ அதுதான் அந்தப் பிள்ளையின் பெயர். சீலத்தை நினைத்தால் நல்லொழுக்கம். புனிதையை நினைத்தால் பாடுகிறவள். குருடு என்று போட்டிருப்பது ஒரு ரோமானியத் தாத்தாவின் பட்டப்பெயர், அதை இவள் தலையில் ஏற்ற வேண்டாம்.

அத்தையிடம் ஃபோன் போனது. பாட்டியின் செசிலியும் அவருடைய ஷீலாவும் ஒரே பெயர், சாமியார் தயங்கியிருக்கவே வேண்டாம், புனிதர் வீட்டிலேயே இருந்தார் என்று சொன்னேன். அத்தை ஒன்றும் பேசவில்லை. அந்தப் பக்கம் குழந்தை சிணுங்குவது மட்டும் கேட்டது. "அம்மாவுக்கு நவம்பர் 22-க்கு நான்தானே ஒவ்வொரு வருஷமும் பூசைக்குக் காசு கொடுப்பேன்" என்றார் அப்புறம். "அப்போ இவ்வளவு நாளும் எனக்கும் சேர்த்துத்தான் கொடுத்திருக்கேன்."